நூறாவது எபிசோடில்தான் குணமாகும்

தொலைக்காட்சித் தொடருக்கு மருத்துவ ஆலோசகராக வேண்டும் என்று நான் யார் காலிலும் போய் விழவில்லை. மருந்துக்கடையில் டாக்டர்களின் கிறுக்கல்களைப் படித்து மாத்திரை எடுத்துக் கொடுத்துக்கொண்டு தேமே என்று இருந்தேன். கெடுத்தது என் மச்சான். என் மனைவிக்கு அண்ணன், தொலைக்காட்சி நிலையத்தில் லைட்மேன். ஒரு நாள் கடைக்கு வந்து தலைவலிக்கு ஒரு மாத்திரை வாங்கி விழுங்கிவிட்டு, "மாப்பிள்ளை, எங்க சீரியலுக்கு வைத்தியம் தெரிஞ்ச ஆள் ஒருத்தர் வேணுமாம். உங்களைச் சொல்லிட்டேன்" என்றார்.

"நான் டாக்டர் இல்லையே மச்சான்."

"அதனாலதான் சொன்னேன். முன்னாடி ஒரு டாக்டர்தான் இருந்தார். எதுக்கெடுத்தாலும் குறை சொல்லிட்டே இருந்தார்னு அனுப்பிட்டாங்க."

அந்தத் தொடரின் பெயர் 'உயிரின் விலாசம்'. தினமும் மாலை ஏழு மணிக்கு வரும். அந்த நேரத்தில் எங்கள் கடைக்கு ஈ காக்கை வராது. நோயாளிகள் எல்லோரும் வீட்டில் உட்கார்ந்து அடுத்தவர் நோயைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். கதை இதுதான்: ஒரு பள்ளிக்கூடத்தில் பன்னிரண்டு குழந்தைகளுக்கு ஒரே நேரத்தில் கன்னத்தில் ஊதாப் புள்ளிகள் வந்துவிடுகின்றன. என்ன நோய் என்று யாருக்கும் தெரியவில்லை. பெரிய மருத்துவமனை ஒன்றில் கொண்டுவந்து படுக்க வைக்கிறார்கள். அங்கே பெரிய டாக்டர் இருக்கிறார். அவர் குழந்தைகளைப் பார்க்கிறார். ஜன்னல் வழியாக வானத்தைப் பார்க்கிறார். மறுபடியும் குழந்தைகளைப் பார்க்கிறார். இப்படியே முப்பத்தேழு எபிசோடுகள் ஓடியிருந்தன. கதைப்படி அப்போது மூன்று மணி நேரம் ஆகியிருந்தது.

முதல் நாள் என்னிடம் ஒரு தாளைக் கொடுத்தார்கள். 'இந்த எபிசோடில் உள்ள மருத்துவம் சரியானது' என்று அச்சடித்து, பக்கத்தில் ஒரு கட்டம் போட்டு, 'ஆம்' என்று எழுதியிருந்தது. அதில் டிக் அடித்துக் கையெழுத்துப் போடவேண்டும். அதுதான் என் வேலை.

"இல்லைன்னு ஒரு கட்டம் காணோமே" என்று கேட்டேன்.

"அதைப் போட்டா அப்புறம் யாராவது டிக் அடிச்சிடுவாங்க சார்" என்றார் தாளைக் கொடுத்தவர்.

அன்றைக்கு எடுத்த காட்சியில் பெரிய டாக்டர் எக்ஸ்ரே படத்தை விளக்கில் வைத்துப் பார்த்தார். படம் தலைகீழாக இருந்தது. போதாததற்கு அது ஒரு முழங்கால். நோயோ கன்னத்தில். நான் இயக்குநரிடம் போய் மெதுவாகச் சொன்னேன். அவர் என் தோளில் கை போட்டு, "தலைகீழா இருந்தாத்தான் சார் ஏதோ பெரிய கோளாறுன்னு பாக்கறவங்களுக்குப் புரியும். நேரா இருந்தா வெறும் முழங்கால்" என்றார். எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. டிக் அடித்துவிட்டு வந்தேன்.

அந்த வார்டைப் பற்றிச் சொல்லவேண்டும். பன்னிரண்டு கட்டில்கள், வெள்ளைச் சுவர்கள், ஊதா நிறத்தில் பளபளவென்று நான்கு கதவுகள். எந்தக் கதவைத் திறந்தாலும் பின்னால் பிளைவுட் பலகை. ஒவ்வொரு கட்டிலுக்குப் பக்கத்திலும் இதயத் துடிப்பைக் காட்டும் பெட்டி ஒன்று இருந்தது. அதில் பச்சைக் கோடு துள்ளும். அந்தப் பன்னிரண்டு கோடுகளும் என் மச்சானின் கையிலிருந்த ஒரே ஸ்விட்சில் ஓடின. அவர் டீ குடிக்கப் போனால் பன்னிரண்டு பேருக்கும் மூச்சு நின்றுவிடும்.

இரண்டு பேரை அங்கே எனக்குப் புரிந்துகொள்ளச் சில நாள் ஆனது. முதலாமவர் பெரிய டாக்டர். அறுபது வயது நடிகர், இடி மாதிரிக் குரல். ஒரு வரி வசனம்கூட அவருக்கு மனப்பாடம் ஆகாது. கேமராவுக்குப் பின்னால் ஓர் அம்மா உட்கார்ந்து வசனத்தை வாசிப்பார், காதில் விழுந்ததை இவர் அப்படியே திருப்பிச் சொல்வார். பிராம்ப்ட் செய்வது என்பார்கள். ஒரு முறை அந்த அம்மா வியர்வை தாங்காமல், "அந்த ஃபேனைக் கொஞ்சம் போடுங்கப்பா" என்று யாரிடமோ சொல்ல, பெரிய டாக்டர் மூன்றாம் கட்டில் குழந்தையின் நெற்றியைத் தடவி, கண் கலங்கி, "அந்த ஃபேனைக் கொஞ்சம் போடுங்கப்பா" என்றார். அந்த எபிசோடைப் பார்த்து அழாதவர்கள் இல்லை. என் மனைவி இரண்டு நாள் அதையே சொல்லிக்கொண்டிருந்தாள்.

சொன்னதைத் திருத்தி இன்னொரு முறை எடுக்கலாம் என்றால் அதற்கும் வழி கிடையாது. இரண்டாவது டேக் அவர் பேசமாட்டார். "ஒரு ஆபரேஷனை ரெண்டு தடவை பண்ணுவாங்களா?" என்று கேட்பார். தவிர, காலையில் எடுப்பதுதான் மாலையில் ஒளிபரப்பாகும். யாருக்கும் திருத்த நேரமில்லை.

இன்னொருவர் கன்டின்யூட்டி அம்மா. நேற்று எடுத்த காட்சியும் இன்று எடுப்பதும் ஒட்டிப்போகிறதா என்று பார்ப்பது அவர் வேலை. கழுத்தில் கேமரா, கையில் ஸ்கேல், இடுப்பில் நோட்டு. தலையணை ஒரு விரற்கடை நகர்ந்தாலும் கண்டுபிடித்துவிடுவார். கதையில் மூன்று மணி நேரம்தானே ஆகியிருக்கிறது? அதனால் இரண்டு மாதங்களாக எந்தக் குழந்தைக்கும் முடி வளரக்கூடாது, நகம் வளரக்கூடாது. உயரமாக வளர்ந்துவிட்ட ஒரு பையனை முழங்காலை மடக்கியே படுக்க வைத்திருந்தார்.

நாற்பதாவது எபிசோடில் ஐந்தாம் கட்டில் குழந்தைக்கு முன்பல் விழுந்துவிட்டது. நிலையமே கலங்கிப்போனது. மூன்று மணி நேரத்தில் பல் எப்படி விழும் என்று அவசரக் கூட்டம் போட்டார்கள். ஒட்டிப் பார்த்தார்கள், நிற்கவில்லை. கடைசியில் அதே சாயலில் வேறு குழந்தை வேண்டும் என்று தேடியபோது, எல்லோருடைய பார்வையும் என் மச்சான்மேல் விழுந்தது. மச்சானின் பார்வை என்மேல் விழுந்தது.

என் மகளுக்கு ஏழு வயது. பாப்பா என்றுதான் கூப்பிடுவோம். எனக்கு இஷ்டமே இல்லை. ஆனால் வீட்டில் மூன்று பேரில் இரண்டு பேர் அன்றைக்கே பெட்டியை அடுக்கிவிட்டார்கள்.

கன்டின்யூட்டி அம்மா பாப்பாவின் வாயைத் திறக்கச் சொல்லி டார்ச் அடித்துப் பார்த்தார். ஒரு பல்லை விரலால் தொட்டவர் முகம் இருண்டது.

"இது ஆடுதே."

"லேசாத்தாங்க" என்றாள் என் மனைவி.

"நூறாவது எபிசோடு வரைக்கும் தாங்குமா? எழுதிக் கொடுங்க."

நான் எழுதிக் கொடுத்தேன். 'என் மகளின் மேல்வரிசை முன்பல் நூறாவது எபிசோடு வரை விழாது என்று உறுதியளிக்கிறேன்.' ஒரு தகப்பனாக நான் போட்ட கையெழுத்துகளில் இவ்வளவு அசட்டுத்தனமானது வேறில்லை.

அப்போது பள்ளி விடுமுறை. நாற்பத்தொன்றாவது எபிசோடிலிருந்து ஐம்பது வரை பத்து நாள் ஒரே மூச்சில் எடுக்கப்போவதாகச் சொன்னார்கள். குழந்தைகளும் அம்மாக்களும் நிலையத்து விடுதியிலேயே தங்கவேண்டும். புள்ளியோடு குழந்தை யாராவது வெளியே நடமாடினால் நோய் எந்த நிலையில் இருக்கிறது என்று ஊருக்குத் தெரிந்துவிடுமாம். வாசலில் வாட்ச்மேனுக்குக் கண்டிப்பான உத்தரவு. நான் மட்டும் காலையில் போய் டிக் அடித்துவிட்டு மாலையில் கடைக்கு வந்துவிடுவேன்.

ஐந்தாவது நாள் போனபோது பாப்பா கன்னத்தைச் சொறிந்துகொண்டிருந்தாள். கன்டின்யூட்டி அம்மா அவள் முகத்துக்கு நேரே ஸ்கேலை நீட்டிக்கொண்டு மேக்கப்காரரைக் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தார்.

"நேத்து இடது கன்னத்துல ஏழு. இன்னைக்குப் பத்து. இந்த மூணு சிவப்பை யார் வச்சது?"

"நான் வைக்கலம்மா. தானா வந்திருக்கு."

"தானா வர்றதுக்கு இங்க எதுக்கும் அனுமதி கிடையாது."

இயக்குநர் ஓடிவந்து பார்த்தார். அவருக்கு அந்த மூன்று சிவப்புப் புள்ளிகள் மிகவும் பிடித்துவிட்டன. "பாருங்க, எவ்வளவு இயற்கையா இருக்கு" என்று மேக்கப்காரரைத் தட்டிக்கொடுத்தார். மேக்கப்காரரும் பாராட்டை வேண்டாம் என்று சொல்லவில்லை. பாப்பாவின் முகத்தைப் படம் எடுத்து வைத்துக்கொண்டு, மற்றப் பதினொரு குழந்தைகளுக்கும் அதே இடத்தில் மூன்று மூன்று புள்ளிகள் வைத்தார்கள். மறுநாள் காலையில் அந்தப் பதினொரு பேருக்கும் சொந்தமாகவே புதிதாக நாலைந்து வந்திருந்தன. அவற்றில் நன்றாக வந்ததைப் பார்த்து மறுபடியும் எல்லோருக்கும் வைத்தார்கள். 'நோய் தீவிரமடைகிறது' என்று அன்று மாலை விளம்பரம் ஓடியது.

மறுநாள் போனதும் மேக்கப் அறைக்குள் நுழைந்து அந்த ஊதாச் சாயம் எதில் இருக்கிறது என்று தேடினேன். கைப்பிடி வைத்த பெரிய தகர டப்பா. ஓரத்தில் வழிந்து காய்ந்திருந்தது. மருந்துக்கடைக்காரனுக்கு எந்த டப்பாவைக் கண்டாலும் பொடி எழுத்தைப் படிக்கும் வழக்கம் போகாது. 'மரக் கதவுகளுக்கும் இரும்பு ஜன்னல்களுக்கும் ஏற்றது. ஐந்து ஆண்டு உத்தரவாதம். தோலில் படாமல் பார்த்துக்கொள்ளவும்.'

மேக்கப்காரர் பாவம், மறைக்கவில்லை. "முகத்துக்குப் போடற கலர் லைட் சூட்டுல வழியுது சார். ஒரு நூல் நகர்ந்தாலும் கன்டின்யூட்டி அம்மா உயிரை எடுக்கறாங்க. கதவுக்கு அடிச்சது மிச்சம் இருந்துச்சு, இந்த வாரம்தான் மாத்தினேன். அது நகரவே இல்லை."

நான் டப்பாவையும் தூக்கிக்கொண்டு நேரே நிகழ்ச்சித் தலைவரின் அறைக்குப் போனேன். தொடருக்கு எல்லாமே அவர்தான். சுவர் முழுவதும் மேலே ஏறும் கோடுகள் போட்ட படங்கள். எவ்வளவு பேர் பார்க்கிறார்கள் என்பதன் கணக்கு. குழந்தைகளுக்கு நோய் அதிகமாகும் இடங்களில் கோடு மேலே ஏறியிருந்தது. நான் விஷயத்தைச் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டார்.

"அப்ப நீங்க நோய்க்குக் காரணத்தைக் கண்டுபிடிச்சிட்டீங்க."

"ஆமா சார். இந்தப் பெயிண்ட்தான்."

"இன்னைக்கு எத்தனாவது எபிசோடு?"

"நாப்பத்தேழு."

"காரணம் எப்பக் கண்டுபிடிக்கணும்னு கதை இலாகா முடிவு பண்ணியிருக்கு?"

"நூறாவதுல சார். ஆனா அது கதையில வர்ற நோய். இது நிஜமாவே குழந்தைங்களுக்கு..."

அவர் எழுந்து ஜன்னலருகே போய் வானத்தைப் பார்த்தார். பெரிய டாக்டருக்கு அந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது.

"சார், இந்த நாட்டுல எத்தனையோ லட்சம் பேர் தினமும் ஏழு மணிக்கு அந்தக் குழந்தைங்களுக்காகக் கவலைப்படறாங்க. சொந்தப் பிள்ளைக்குக் காய்ச்சல் அடிச்சாக்கூட அப்புறம் பாத்துக்கலாம்னு உக்காந்து கவலைப்படறாங்க. அந்தக் கவலையை நாங்க கஷ்டப்பட்டு வளர்த்திருக்கோம். நீங்க பாட்டுக்கு ஒரு டப்பாவைத் தூக்கிட்டு வந்து பட்டுன்னு குணப்படுத்திட்டா, அவ்வளவு பேரோட கவலைக்கும் என்ன மரியாதை? நான் குழந்தைங்களுக்கு எதிரி இல்லை. குழந்தைங்க குணமாகணும்ங்கறதுல எனக்கு உங்களைவிட அக்கறை உண்டு. நூறாவது எபிசோடுல குணமாகறதுக்கு இப்பவே விளம்பரதாரர் பிடிச்சு வச்சிருக்கேன்."

"வேற கலராவது போடச் சொல்லுங்க சார்."

"ஊதா மாறினா வேற நோயாயிடும்."

"அப்ப என் பொண்ணை நான் வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறேன்."

"தாராளமா. யார் தடுத்தா?" என்றார்.

வாட்ச்மேன் தடுத்தார். பாப்பாவின் முகத்தைப் பார்த்தவர் குறுக்கே கையை நீட்டினார்.

"முகத்துல புள்ளி இருந்தா வெளிய விடக்கூடாது சார்."

"சரி, புள்ளியை எடுக்க என்ன செய்யணும்?"

"கதையில குணமாகணும். டிஸ்சார்ஜ் சீட்டுல பெரிய டாக்டர் கையெழுத்துப் போடணும்."

"அவர் நடிகர்யா."

"இருக்கட்டும் சார். கையெழுத்து அவரோடது இருந்தாத்தான் விடுவேன்" என்ற வாட்ச்மேன், கொஞ்சம் நெருங்கி வந்து குரலைத் தாழ்த்தி, "இந்தக் குழந்தைங்க பொழைச்சிடுமா சார்? வீட்டுல கேட்டுட்டே இருக்காங்க" என்றார்.

என் கடைக்குப் பக்கத்துக் கட்டடத்தில் ஒரு தோல் டாக்டர் இருக்கிறார். அசல் டாக்டர். பட்டங்கள் எல்லாம் சட்டம் போட்டு மாட்டியிருக்கும். பாப்பாவை அவரிடம் கூட்டிப்போக முடியாததால் கன்னத்தைப் படம் எடுத்துக்கொண்டு ஓடினேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். முகம் வெளிறிவிட்டது.

"இது அதேதான்."

"எது சார்?"

"ஏழு மணிக்கு வருதே, அது. ஊதாப் புள்ளி. இதுக்கு இன்னும் மருந்து கண்டுபிடிக்கலையே."

"சார், இது பெயிண்ட் அலர்ஜி. நீங்க ஒரு சீட்டு எழுதிக் கொடுத்தா..."

"அவசரப்படக்கூடாது. அங்க பெரிய டாக்டருக்கே இன்னும் பிடிபடல. அவருக்கு முன்னாடி நான் ஒண்ணு சொல்லி நாளைக்கு அது தப்பாப் போச்சுன்னா என்கிட்ட யார் வருவா?" என்று படத்தைத் திருப்பிக் கொடுத்தார். எழுந்து வாசல் வரை கூடவே வந்து, "நீங்க அங்கதானே இருக்கீங்க. அந்த மூணாம் கட்டில் பையன் தப்பிச்சிடுவானா? அதை மட்டும் சொல்லுங்க" என்றார்.

இனி யாரையும் நம்பிப் பயனில்லை என்று தெரிந்தது. கடையிலிருந்து ஒரு களிம்பை எடுத்துச் சட்டைப்பைக்குள் மறைத்துக்கொண்டு போனேன். இடைவேளையில் கதவு என்று பேருக்கு நின்ற ஒரு பிளைவுட் பலகைக்குப் பின்னால் பாப்பாவை ஒளித்து, தேங்காய் எண்ணெயில் பஞ்சை நனைத்துப் பெயிண்டை மெல்ல மெல்லத் தேய்த்து எடுத்தேன். களிம்பு தடவினேன். என் மனைவி கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு காவல் நின்றாள். மறுநாள் பாப்பாவின் கன்னத்தில் நாலு புள்ளிகள் குறைந்திருந்தன. சொறிவதும் நின்றிருந்தது. ஒரு வாரத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் அவள் என்னிடம் எதற்கோ சிரித்தாள்.

கன்டின்யூட்டி அம்மா ஐந்தாம் கட்டிலுக்கு வந்தார். ஸ்கேலை வைத்தார். நோட்டைப் பார்த்தார். மறுபடியும் ஸ்கேலை வைத்தார்.

"அஞ்சாம் கட்டில் அனுமதியில்லாம குணமாயிட்டிருக்கு" என்று வார்டு முழுக்கக் கேட்கும்படி அறிவித்தார்.

எல்லோரும் ஓடிவந்தார்கள். மேக்கப்காரர் டப்பாவைத் திறந்தார். ஆறிக்கொண்டிருந்த தோலில் தூரிகை பட்டதும் பாப்பா துடித்துப்போனாள். "அப்பா, எரியுது, வேணாம்னு சொல்லுப்பா" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். இயக்குநர் கேமராவை அவசரமாக அவள் பக்கம் திருப்பச் சொன்னார். நான் அந்தக் கையைப் பிடித்தபடி நின்றேனே தவிர தூரிகையைத் தடுக்கவில்லை. அந்த நொடியில் அந்தக் கட்டடத்தில் இருந்த ஒவ்வொருவர் மேலும் எனக்கு வந்த வெறுப்பைச் சொல்லி முடியாது. அதில் முதல் ஆள் நான்தான். முப்பத்தெட்டிலிருந்து நாற்பத்தொன்பது வரை எல்லா எபிசோடுக்கும் 'ஆம்' என்று டிக் அடித்தவன் வேறு யார்?

மறுநாள் ஐம்பதாவது எபிசோடு. காலையில் போனால் படப்பிடிப்பு நின்றிருந்தது. பிராம்ப்ட் செய்யும் அம்மாவுக்குத் தொண்டை கட்டி, காற்றுதான் வந்தது. வேறு யாராவது வாசிக்கலாம் என்றால் அதிலும் சங்கடம். கதாசிரியர் காட்சியை அப்போதுதான் மாடிப்படியில் உட்கார்ந்து எழுதி அனுப்பியிருந்தார். அந்தக் கையெழுத்து அந்த அம்மாவைத் தவிர யாருக்கும் புரியாது. தாள் கைமாறிக் கைமாறி வந்தது. இயக்குநர் அதைத் தலைகீழாகவும் பிடித்துப் பார்த்தார்.

மச்சான் மேலே ஏணியிலிருந்து, "எங்க மாப்பிள்ளை படிப்பார் சார். டாக்டருங்க எழுதறதையே படிக்கிறவர்" என்றார்.

தாள் என் கைக்கு வந்தது. உண்மையைச் சொன்னால், எங்கள் கடைக்கு வரும் சீட்டுகளோடு பார்த்தால் அது முத்து முத்தான கையெழுத்து. என்னைக் கேமராவுக்குப் பின்னால் உட்கார வைத்தார்கள். பெரிய டாக்டர் ஐந்தாம் கட்டிலுக்கு அருகே வந்து நின்றார். பாப்பா படுத்திருந்தாள். கன்னம் வீங்கியிருந்தது. மச்சான் ஸ்விட்சைப் போட்டார், பன்னிரண்டு பச்சைக் கோடுகளும் துள்ளின.

நான் வாசித்தேன். "இருபத்தஞ்சு வருஷமா நான் டாக்டரா இருக்கேன்."

"இருபத்தஞ்சு வருஷமா நான் டாக்டரா இருக்கேன்" என்று இடித்தார் பெரிய டாக்டர்.

"இப்படி ஒரு நோயை நான் பார்த்ததே இல்லை."

அதையும் சொன்னார். அடுத்த வரி, 'இதற்குக் காரணம் அந்த வானத்துக்குத்தான் தெரியும்' என்று இருந்தது. அதைச் சொல்லிவிட்டு அவர் ஜன்னலுக்குப் போகவேண்டும். நான் வாயைத் திறந்தேன். பாப்பா என்னைப் பார்த்தாள். கன்னத்தைச் சொறியக்கூடாது என்பதற்காக இரண்டு கைகளையும் முதுகுக்கு அடியில் வைத்து அழுத்திக்கொண்டிருந்தாள். நான் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டேன்.

"இதுக்குக் காரணம் எனக்குத் தெரிஞ்சுபோச்சு."

"இதுக்குக் காரணம்" என்றவர் ஒரு மூச்சு விட்டு, "எனக்குத் தெரிஞ்சுபோச்சு" என்றார். கேமரா தானாகவே அவர் முகத்தை நோக்கிப் பாய்ந்தது. மச்சான் ஏணியிலிருந்து ஒரு மின்னல் விட்டார்.

"இது நோயே இல்லை. பெயிண்ட்."

"இது நோயே இல்லை. பெயிண்ட்."

"கதவுக்கு அடிக்கிற பெயிண்ட்."

பெரிய டாக்டர் திரும்பி, கையை நீட்டி, அந்த ஊதாக் கதவுகளை ஒவ்வொன்றாகச் சுட்டிக்காட்டி, "கதவுக்கு. அடிக்கிற. பெயிண்ட்" என்றார். மச்சான் மூன்று மின்னல் விட்டார். இயக்குநர் நிறுத்தச் சொல்லக் கையைத் தூக்கினார். ஆனால் குழந்தைகளின் அம்மாக்கள் ஓவென்று அழ ஆரம்பித்ததும், அது நன்றாக இருக்கவே, தூக்கிய கையை அப்படியே கன்னத்தில் வைத்துக்கொண்டார்.

நான் விடவில்லை. "நர்ஸ், எண்ணெயும் பஞ்சும் கொண்டு வாங்க. பன்னிரண்டு பேர் முகத்தையும் இப்பவே துடைங்க. சிவந்த இடத்துல களிம்பு தடவுங்க. மேக்கப் ரூம்ல இருக்கற டப்பாவைத் தூக்கிக் குப்பையில போடுங்க. எல்லாரையும் இன்னைக்கே வீட்டுக்கு அனுப்புங்க. சீட்டைக் கொண்டு வாங்க, நான் கையெழுத்துப் போடறேன்."

எல்லாவற்றையும் அவர் இடித்தார். கேமரா ஓடிக்கொண்டிருந்ததால் நர்ஸ் வேஷம் போட்டிருந்த பெண்கள் நாலாபுறமும் ஓடினார்கள். எண்ணெய் வந்தது, பஞ்சு வந்தது. இரண்டு மாதங்களில் அந்த வார்டில் நடந்த முதல் வைத்தியம் அதுதான். கன்டின்யூட்டி அம்மா நோட்டோடு குறுக்கே வந்தார். பெரிய டாக்டரை மறைக்காதீங்க என்று யாரோ அவரை ஓரமாக இழுத்துவிட்டார்கள். எனக்குப் பதற்றத்தில் இருமல் வந்தது. பெரிய டாக்டர் அதே மாதிரி இருமி, பன்னிரண்டு டிஸ்சார்ஜ் சீட்டுகளிலும் கையெழுத்துப் போட்டார்.

சீட்டை வாங்கிக்கொண்டு பாப்பாவைத் தோளில் தூக்கியபோது நிகழ்ச்சித் தலைவர் ஆள் அனுப்பினார். கோபமாக இருப்பார் என்று நினைத்தேன். அவர் சிரித்துக்கொண்டிருந்தார்.

"நூறாவதுல கிடைக்கற கூட்டம் ஐம்பதாவதுலயே கிடைக்கப்போகுது. அடுத்த ஐம்பதுக்கு நோய் எங்களுக்குக் கிடைக்காமயா போயிடும்? ஆனா ஒண்ணு. குழந்தைங்க முகத்துல கதவுப் பெயிண்ட் அடிச்சாங்கன்னு எங்க சேனல்லயே வந்தா நல்லாவா இருக்கும்? அதனால..." என்று ஒரு தாளை நீட்டினார்.

'இந்த எபிசோடில் உள்ள மருத்துவம் சரியானது.' பக்கத்தில் ஒரே ஒரு கட்டம். முதன்முறையாக அதில் 'இல்லை' என்று அச்சடித்திருந்தது.

"இதுல டிக் அடிச்சாத்தான் வாசல்ல விடச் சொல்லுவேன்."

ஐம்பது எபிசோடுகளில் அங்கே பேசப்பட்ட ஒரே உண்மையை இல்லை என்று சொல்லவேண்டும். பாப்பா என் தோளில் தலை சாய்த்துக் களிம்பு வாசனையோடு தூங்கிக்கொண்டிருந்தாள். நான் இரண்டாவது யோசனையே இல்லாமல் டிக் அடித்தேன். இன்னும் நாலு கட்டம் போட்டிருந்தாலும் அடித்திருப்பேன். வாட்ச்மேன் சீட்டில் இருந்த கையெழுத்தை விரலால் தடவிப் பார்த்து, "பொழைச்சிடுச்சு" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு கதவைத் திறந்தார்.

மாலை ஏழு மணிக்கு மூன்று பேரும் வீட்டில் உட்கார்ந்து பார்த்தோம். பெரிய டாக்டர் கதவுகளைச் சுட்டிக்காட்டியபோது திரையின் அடியில் ஒரு வரி ஓடியது. பாப்பா எழுத்துக் கூட்டிப் படிக்கும் வயது. சத்தமாகப் படித்தாள். "இக்காட்சியில் சொல்லப்படும் மருத்துவம் கற்பனையே என எங்கள் மருத்துவ ஆலோசகர் உறுதி செய்துள்ளார்."

படித்துவிட்டுக் கன்னத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். "அப்பா, எனக்கு எரிஞ்சது கற்பனையா?"

"இல்லடா கண்ணு."

"அப்புறம் ஏன் அப்படிப் போட்டிருக்காங்க?"

என் மனைவி என்னை ஒரு பார்வை பார்த்தாள். நல்ல வேளையாகத் தொலைபேசி அடித்தது. தோல் டாக்டர். "என்ன சார், பாத்தீங்களா? உங்க பொண்ணுக்கு எண்ணெய் வச்சுத் துடைங்க. இப்ப தைரியமாச் சொல்றேன். பெரிய டாக்டரே சொல்லிட்டார்."

மறுநாள் காலையில் மறுபடியும் அடித்தது. கன்டின்யூட்டி அம்மா. குரலில் தேன் ஒழுகியது.

"சார், ஐம்பத்தொண்ணுல பழைய நினைவு மாதிரி ஒரு காட்சி வருது. அஞ்சாம் கட்டிலுக்கு ஒரே ஒரு ஷாட். பாப்பா கன்னத்துல புள்ளியெல்லாம் பத்திரமா இருக்கா? இல்லைன்னாலும் பரவாயில்லை, இங்க வச்சுக்கலாம். புதுசா வேற டப்பா வாங்கியாச்சு."

பல்லுக்கு நான் எழுதிக் கொடுத்த உறுதிமொழி, நூறாவது எபிசோடு எல்லாம் கண் முன்னால் வந்தன. அப்போது பாப்பா அடுக்களையிலிருந்து ஓடிவந்தாள். கையில் பாதி கடித்த ஆப்பிள். வாய் நிறையச் சிரிப்பு, அந்தச் சிரிப்பின் நடுவில் ஒரு ஜன்னல். ஆப்பிளில் குத்திக்கொண்டு நின்ற பல்லை என் மூக்குக்கு நேரே நீட்டினாள்.

"அம்மா," என்றேன் தொலைபேசியில், "பல் விழுந்துடுச்சு."

அந்தப் பக்கம் நோட்டில் ஏதோ ஒரு வரியை அழுத்தி அடிப்பது கேட்டது. பிறகு, "அப்ப வேணாம் சார்" என்று வைத்துவிட்டார்.

அந்தப் பல்லை ஒரு மாத்திரை டப்பாவில் போட்டு, பஞ்சு வைத்து, கடையில் என் மேஜை டிராயரில் வைத்திருக்கிறேன். டப்பாவின் மேல் ஒட்டுச்சீட்டில் 'டிஸ்சார்ஜ்' என்று என் கையெழுத்தில், எல்லோருக்கும் புரியும்படி எழுதியிருக்கிறேன்.